புள்ளியா, பல்லா

மீசான் பலகைக்குச் சிமெண்ட் குழைத்தபடி
இம்தாத் கேட்டான்:
"உங்க அத்தா பேருக்கு ஸேயா, ஸீனா?
புள்ளியா, பல்லா?"

டேனரி ரோடு கபர்ஸ்தானில் காலை பத்து மணி.
மதிலுக்கு வெளியே
மெட்ரோக்காரர்கள் இரும்பு அடிக்கிற சத்தம்.
எனக்கு அரபி எழுத்துக்கூட்டி ஓதத்தான் தெரியும்,
அர்த்தம்வரைக்கும் போனதில்லை.

அவன் மண்ணில் ஆணியால் எழுதிக் காட்டினான்.
கவிழாத ஒரு தட்டு, மேலே மூன்று புள்ளி:
ஹாரிஸ், உழுகிறவன்.
தட்டுக்குப் பதில் மூன்று பல் முளைத்தால்
ஹாரிஸ், காவல் நிற்கிறவன்.
"நம்ம வாய்க்கு ரெண்டும் ஒண்ணு.
அரபிக்காரன் வாய்க்கு வேற வேற ஆளு."

மதரஸாவிலிருந்து பாதியில் ஓடிவந்தவன்.
பீடியைப் பற்றவைத்து மீதியைச் சொன்னான்.
புள்ளி வைத்தது ரொம்பப் பழைய பேர்,
தீன் வருமுன்னே புழங்கிய பேர்.
ஷாம் பக்கம் ராஜாக்கள் வைத்துக்கொண்டார்கள்,
ஏர் தொடாத ராஜாக்கள்.
உழுகிறவன் என்றால் சம்பாதிக்கிறவன்;
வயிற்றுக்காக எதையாவது கிளறாத ஆள் யார்?
அதனால் பேர்களில் பொய் சொல்லாத பேர் என்பார்களாம்.
சிங்கத்துக்குக்கூட 'ஹாரிஸின் அத்தா' என்று செல்லப்பேராம்.
அது ஏன் என்றேன்.
"அந்தப் பாடத்துக்கு முன்னாடியே ஓடியாந்துட்டேன்."

என் அத்தா உழவும் இல்லை, காவலும் இல்லை.
சாவி போடுகிறவர்.
முப்பத்தொரு வருஷம் பிளாட்பாரத்தில் ஒரு குடை,
குடைக்கம்பியில் கொத்துக்கொத்தாய்
பல் வெட்டாத சாவிகள்.
பித்தளையில் அரத்தால் சால் ஓட்டுவார்.
ஊதினால் மஞ்சள் தூள் பறக்கும்.
ராத்திரி சோறு பிசையும்போதும்
நகக்கண்ணில் அது மினுங்கும்.
சாவி முதல்தரம் பூட்டுக்குள் திரும்புகையில் மட்டும்
கண்ணை மூடிக்கொள்வார்.

காகிதங்களைப் புரட்டினேன்.
ரேஷன் கார்டில், கன்னடத்தில், ஹாரீஸ்.
ஆதாரில் ஹரீஷ்.
அதைத் திருத்த மூன்று நாள் கடையை மூடி வரிசையில் நின்றுவிட்டு
"இருக்கட்டும், ஹரீஷுக்கும் பசிக்கும்ல"
என்று திரும்பி வந்தார்.
ஆஸ்பத்திரிச் சீட்டில் ஹாரிசன்.
அந்தப் பேருக்குத்தான் கடைசியாகக் குளுக்கோஸ் ஏறியது.
மேல்விஷாரத்துக்குப் போன் போட்டு
நிக்காஹ் தஃப்தரைப் பார்க்கச் சொன்னேன்.
அந்த வருஷத்தைக் கரையான் தின்றிருந்தது.

அம்மா இத்தாவில் இருக்கிறாள்.
அவளைக் கேட்டேன்.
"நான் அவர் பேரைச் சொன்னதே இல்லியேப்பா."
நாற்பது வருஷமும் 'ஏங்க'தான்.
கொஞ்சநேரம் சுவரைப் பார்த்துவிட்டு
வாய்க்குள் ஒருதரம் சொல்லிப் பார்த்தாள்.
மிளகாய் பட்டதுபோல்
உதட்டை முந்தானையால் துடைத்துக்கொண்டாள்.
அதில் புள்ளி இருந்ததா, பல் இருந்ததா,
என் காதுக்குப் பிடிபடவில்லை.

மறுநாள் போய், தமிழில் எழுது என்றேன்.
"பேசத்தான் வரும் எனக்கு."
சிமெண்ட் மூட்டையின் காகிதத்தைக் கிழித்து
பெரிதாக எழுதிக் கொடுத்தேன்.
ஆணி நுனியால், படம் போடுகிற பையன் மாதிரி
நாக்கைத் துருத்திக்கொண்டு
பார்த்துப் பார்த்து இழுத்தான்.
கொம்பு, சுழி, வால், எல்லாம் வந்தது.
கடைசி எழுத்தின் தலையில் புள்ளியை மட்டும் விட்டுவிட்டான்.
மை சிந்தியது என்று நினைத்தானாம்.

ஹாரிஸ.
யாரோ ஒருவர், மூச்சு முடியாமல்.

சிமெண்ட் இறுகிக்கொண்டிருந்தது.
குனிந்து சுண்டுவிரலால் அழுத்தினேன்,
ஒரு துவரம்பருப்பு ஆழத்துக்கு.

"ஸேன்னா மூணு புள்ளி,
முப்பது ரூபா கூட ஆயிருக்கும்" என்றான் இம்தாத்.
இதற்கு எவ்வளவு என்றேன்.
ஆணியைச் சாக்கில் துடைத்தான்.
"இது நீங்க வெச்சது."